தகரக் குடிலில் மூன்று பேர்

உங்கள் ஹீட்டரைக் கொஞ்சம் குறைத்துவிடலாம், ஜனாப். வெதுவெதுப்பான அறையில் உட்கார்ந்தால் மனிதன் தேவைக்கு மேல் பேசுவான். பிறகு எழுதுகிற உங்களுக்குத்தான் கை வலிக்கும். நான் சொல்ல வேண்டியது அதிகமில்லை. மறைக்க வேண்டியதும் இல்லை.

நான் கியூமர்ஸ். அஸ்னாக்காரன். பள்ளிக்கூடத்தில் உடற்பயிற்சி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன். ஓஷ்தொரான்கூஹ் மலை என் வீட்டுச் சமையலறை ஜன்னலிலேயே தெரியும். பல் தேய்த்துக்கொண்டே அன்றைக்கு மேலே காற்று எப்படி என்று சொல்லிவிடுவேன். மலையேறுகிறவர்கள் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. ஆசான் என்ற மரியாதையில் உஸ்தாத் என்பார்கள். தெஹ்ரானிலிருந்தும் இஸ்ஃபஹானிலிருந்தும் வந்து என்னிடம் குளிர்காலப் பயிற்சி எடுத்திருக்கிறார்கள். கயிறு கட்டவும் பனியில் நடக்கவும் கற்றுக்கொடுக்க எத்தனையோ பேர் உண்டு. நான் கற்றுக்கொடுத்தது மன உறுதி.

மலையில் ஆளைக் கொல்வது குளிர் என்று கீழே இருப்பவர்கள் நினைக்கிறார்கள். குளிர் மெதுவாக வேலை செய்யும். அதற்கு வழிவகை தேடிக்கொள்ளலாம். கொல்வது பயம்தான். பயந்தவன் கையுறையைக் கழற்றி எறிவான். நிற்க வேண்டிய இடத்தில் ஓடுவான். போதாததற்கு அது ஒட்டுவாரொட்டி. ஒருவனுக்கு வந்தால் கூடாரத்தில் இருக்கும் அத்தனை பேருக்கும் வரும். அதனால் என்னிடம் வருகிறவர்களை முதலில் நன்றாகப் பயமுறுத்துவேன். பயத்தைவிடப் பெரிய ஒன்றை உள்ளே அனுப்பினால் பயம் தானாக வெளியேறும்.

சொஹ்ராப் என்று ஒரு பல் மருத்துவர் வந்திருந்தார். பாறை விளிம்பில் நின்றுகொண்டு கீழே பார்க்க மாட்டேன், மேலேயும் வர மாட்டேன் என்று அழுதார். நான் அவர் கையைப் பிடித்து ஆறுதல் சொல்வதுபோலச் சுண்டுவிரலைப் பின்பக்கமாக மடக்கினேன். முறிந்தது. அதன்பிறகு அவர் உயரத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. விரலைப் பற்றித்தான் பேசினார். ஒழுங்காக ஏறி ஒழுங்காக இறங்கினார். ஒவ்வொரு நவ்ரூஸ் புத்தாண்டுக்கும் வாழ்த்து அனுப்புவார். போன வருடம் அனுப்பவில்லை; மறந்திருப்பார்.

மஹ்லகா என்னிடம் வந்ததும் இப்படித்தான். தொரூத் ஊர் மருத்துவமனையில் நர்ஸ். மலைப்பாதையில் ஒரு பேருந்து கவிழ்ந்து, ஒரே சமயத்தில் ஏகப்பட்ட பேரை அவள் பணி நேரத்தில் கொண்டுவந்து போட்டிருக்கிறார்கள். அதிலிருந்து கை நடுக்கம். நரம்பில் ஊசி ஏற்ற முடியவில்லை. "மருந்து எடுத்துப் பாத்துட்டேன் உஸ்தாத். தூக்கம்தான் வருது, நடுக்கம் போகல," என்றாள். ஒரு பனிக்காலப் பயிற்சி போதும், கை கல்லாகிவிடும் என்று வாக்குக் கொடுத்தேன். கொடுத்த வாக்கைக் காப்பாற்றினேன் என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

அவளைத் தனியாக அனுப்ப வீட்டில் சம்மதிக்கவில்லை. அண்ணன் ஷீர்ஸாத் கூட வந்தான். கல்யாண வீடுகளில் பாடுகிறவன். கனத்த உடம்பு, இரவல் வாங்கிய பூட்ஸ், பல்லிடுக்கில் எப்போதும் ஒரு சர்க்கரைக் கட்டி. மலையடிவாரத்துத் தேநீர்க் கடையில் என்னிடம் கை கொடுத்துவிட்டுச் சொன்னான்:

"என் தொப்பையப் பாத்து மிரளாதீங்க உஸ்தாத். மேல சாப்பாடு தீந்துபோனா முதல்ல என்னை வெட்டிக்கலாம். ரெண்டு பேருக்குத் தாராளமா வரும்."

"சும்மா இரு அண்ணா," என்றாள் மஹ்லகா. "அவருக்குச் சிரிப்பு பிடிக்காது."

"சிரிப்பு பிடிக்காதவங்க உண்டா? நான் பாடுற கல்யாணத்துல மாப்பிள்ளையோட அம்மாவே சிரிக்கிறாங்க."

கடைக்காரர் சிரித்தார். கடையில் இருந்த எல்லோரும் சிரித்தார்கள். நான் அவன் பூட்ஸ் கயிற்றை அவிழ்த்து மறுபடி இறுக்கிக் கட்டச் சொன்னேன்.

புயல் வரும் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் அந்த நாளைத் தேர்ந்தெடுத்தேன். நல்ல வானிலையில் மனதை எப்படிப் பழக்குவது? மலையேறுகிறவர்கள் தங்கும் குடிலுக்குப் போய்ச் சேர்ந்ததும், அவர்கள் பைகளைப் பிரித்துக்கொண்டிருந்தபோது, கீழே மீட்புக்குழுவோடு பேசும் ரேடியோவின் பேட்டரியை நான் கழற்றி என் ஜாக்கெட்டின் உள்பையில் போட்டுக்கொண்டேன். குளிரில் ரேடியோ செத்துவிட்டது என்றேன். அடுப்புக்கான கேஸ் டப்பாக்களில் ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்றவற்றைச் சரிவில் உருட்டிவிட்டேன். வழியில் விழுந்திருக்கும் என்றேன். இதில் ஒளிவுமறைவு ஒன்றுமில்லை, இதுதான் என் பாடமுறை. உதவி வராது என்று நம்பினால்தான் மனிதன் தன்னை நம்புவான்.

குடில் என்றால் தகரச் சுவர், தகரக் கூரை, உள்பக்கமாகத் திறக்கும் ஒரு கதவு, படுக்கப் பலகை. அவ்வளவுதான். காற்று வலுத்ததும் மஹ்லகாவின் இடுப்பில் கயிறு கட்டி வெளியே நிறுத்தினேன். கையுறை வேண்டாம் என்றேன். உள்ளே விடுங்கள் என்று கேட்பதை எப்போது நிறுத்துகிறாளோ அப்போது உள்ளே இழுப்பேன் என்று சொல்லியிருந்தேன். அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். பிறகு குரல் குழறியது. ஷீர்ஸாத் எழுந்து வந்து என் கையிலிருந்து கயிற்றை வாங்கிக்கொண்டான். பிடுங்கவில்லை, வாங்கிக்கொண்டான்.

"போதும் உஸ்தாத். இந்தக் கையாலதான் அவ ஊருக்கெல்லாம் ஊசி போடணும்."

"நீ அவளைக் கெடுக்கிறாய்," என்றேன்.

"கெட்டுப்போனா நான் வச்சுக் காப்பாத்திக்கிறேன்," என்று தங்கையை உள்ளே இழுத்து, அவள் கைகளைத் தன் சட்டைக்குள் விட்டு வயிற்றில் வைத்து அழுத்திக்கொண்டான். ஐஸ்கட்டி பட்டதுபோல அவனுக்கு உடம்பு தூக்கிப்போட்டது. அப்போதும் ஏதோ வேடிக்கை பேசி அவளைச் சிரிக்க வைத்தான். என் வகுப்பில் அதுவரை யாரும் கயிற்றைத் தொட்டதில்லை.

அதன்பிறகு மேலிருந்த பனி சரிந்து இறங்கியது. ஒரு பெரிய லாரி வந்து கூரைமேல் நிற்பதுபோல இருந்தது. விளக்கு விழுந்து உடைந்தது. கதவைத் திறந்தால் வாசல் முழுக்க வெள்ளைச் சுவர். குடில் புதைந்துபோய்விட்டது. கைவிளக்கைச் சேமிக்க வேண்டி அணைத்து வைத்தோம். பகலா இரவா என்று தெரியவில்லை. பனியின் பாரத்தில் தகரம் முனகியது. ஒவ்வொரு முனகலுக்கும் கூரை கொஞ்சம் கீழே வந்தது.

அந்த இருட்டில் ஒருவர் உடைந்தார். நான் இதைப் பல பேரிடம் பார்த்திருக்கிறேன் என்பதால் துல்லியமாகச் சொல்ல முடியும். முதலில் மூச்சு சிறிதாகும். பிறகு நெஞ்சில் ஆள் ஏறி உட்கார்ந்ததுபோல இருக்கும். சுவர் நகர்ந்து வருவது தெரியும். பிறகு உடம்பு யாருடைய பேச்சையும் கேட்காது. அந்த நபர் தகரத்தை நகத்தால் பிறாண்டினார். நகம் பெயர்ந்து வந்தபிறகும் பிறாண்டினார். அம்மாவைக் கூப்பிட்டார். கால்சட்டை நனைந்தது. கதறியதில் வாந்தி வந்தது. மற்ற இரண்டு பேரில் ஒருவர் அந்தத் தலையைப் பிடித்து மடியில் வைத்துக்கொண்டு, குழந்தைக்குப் பாடுவதுபோலக் கல்யாணப் பாட்டைத் தாழ்ந்த குரலில் பாடினார். இன்னொருவர் மிச்சமிருந்த கேஸில் தண்ணீர் காய்ச்சி, சர்க்கரையைக் கரைத்து, கரண்டி கரண்டியாக வாயில் ஊற்றினார். நனைந்த துணியைக் கழற்றி வேறு துணி போட்டுவிட்டார்கள். அது நெடுநேரம் நடந்தது. பிறகு அந்த நபர் தூங்கிவிட்டார்.

நான் எழுந்தபோது கைவிளக்கு எரிந்துகொண்டிருந்தது. ஷீர்ஸாத் வாசல் பனியைச் சமையல் தட்டால் சுரண்டிக்கொண்டிருந்தான். முழங்கை அளவு குடைந்து, அதற்குமேல் கூடாரக் கம்பியைச் செருகி, காற்று வர ஒரு துளை போட்டிருந்தான். பனி உருகிய தண்ணீர் அவன் கழுத்தில் வழிந்தது. மஹ்லகா அடுப்பில் பனியை உருக்கிக் கொதிக்க வைத்துவிட்டு, என் ஜாக்கெட்டைக் கழுவிக் காய வைக்க எடுத்திருந்தாள். அவள் கையில் பேட்டரி இருந்தது.

அவள் என்னைப் பார்த்தாள். அண்ணனைப் பார்த்தாள். "அண்ணா, இங்க வா," என்று மட்டும் சொன்னாள்.

அவர்கள் என்னைத் திட்டியிருக்கலாம். அடித்திருக்கலாம். திட்டையும் அடியையும் எதிர்கொள்ள எனக்குத் தெரியும். ஷீர்ஸாத் பேட்டரியை வாங்கிக் கக்கத்தில் வைத்துச் சூடேற்றினான், ரேடியோவில் போட்டான், துளை வழியாக அதன் ஏரியல் கம்பியை நீட்டினான். கீழே மீட்புக்குழு உடனே பதில் சொன்னது. எங்களை ஏற்கெனவே தேடிக்கொண்டிருந்தார்களாம். காற்று தணிகிறது, ஏறி வருகிறோம், இடத்தை விட்டு நகராதீர்கள் என்றார்கள். ஷீர்ஸாத் அவர்களிடம், "கல்யாணப் பாட்டுக்காரன் பேசுறேன். அவசரமில்ல, நாங்க எங்கயும் போகல," என்றான். ரேடியோவில் யாரோ சிரித்தது கேட்டது.

பிறகு அவன் என் எதிரே வந்து உட்கார்ந்தான். என் முழங்காலில் கை வைத்தான்.

"உஸ்தாத், நேத்து நடந்தது இந்தத் தகரத்துக்குள்ளயே இருக்கட்டும். பேட்டரி விஷயமும்தான். நானும் மஹ்லகாவும் யார்கிட்டயும் மூச்சு விட மாட்டோம். சத்தியமா."

நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

"இதுல வெக்கப்பட என்ன இருக்கு? முதல் தடவை மேடையேறினப்ப நான் நின்ன இடத்துலயே நனைச்சுட்டேன். மாப்பிள்ளை வீட்டுக்காரங்க சர்பத் கொட்டிடுச்சுன்னு நெனச்சாங்க." அவன் சட்டைப்பையிலிருந்து ஒரு சர்க்கரைக் கட்டியை எடுத்து என் உள்ளங்கையில் வைத்து விரல்களை மூடினான். நகம் இல்லாத விரல்கள் என்பதால் மெதுவாக மூடினான்.

ஆமாம், ஜனாப். அந்த நபர் நான்தான். நீங்கள் நெடுநேரமாக என் விரல் கட்டுகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள், கேட்டிருக்கலாம். ஆனால் ஒன்றைக் குறித்துக்கொள்ளுங்கள்: அது என் உடம்பு செய்தது. மூடிய இடத்தில் காற்று கெட்டுப்போனால் எந்த உடம்பும் அப்படித்தான் செய்யும். என் மனம் அந்த நேரம் முழுவதும் ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருந்தது. அதனால்தான் இவ்வளவு விவரமாகச் சொல்ல முடிகிறது.

அவன் மறுபடி வாசலுக்குப் போய்ச் சுரண்ட ஆரம்பித்தான். அப்போது நான் யோசித்தேன். நிதானமாக யோசித்தேன். அவன் வாக்கு தவறுகிறவன் இல்லை. அது எனக்குத் தெரிந்தது. யாரிடமும் சொல்லியிருக்க மாட்டான். சிக்கல் அது அல்ல. அவனுக்குத் தெரியும், அதுதான் சிக்கல். அஸ்னா கடைத்தெருவில் எங்காவது எதிர்ப்படுவான், கையைத் தூக்கி "நல்லா இருக்கீங்களா உஸ்தாத்" என்று கேட்பான், அந்தக் கேள்வியில் இரக்கம் இருக்கும். என் ஆயுள் முழுக்க ஒரு கல்யாணப் பாட்டுக்காரன் என்னை மன்னித்துக்கொண்டே இருப்பான். வசந்த காலத்துக்கு இரண்டு வகுப்புகள் ஒப்புக்கொண்டிருந்தேன். வருகிறவர்கள் என்னை நம்பித்தான் வருகிறார்கள். ஒரு உஸ்தாத் அழுததைப் பார்த்த கண்கள் இந்த உலகத்தில் இருக்கும்போது நான் எந்த முகத்தோடு இன்னொருவர் இடுப்பில் கயிறு கட்டுவேன்?

பனிச்சரிவு குடிலை நொறுக்கியது, இருவர் இறந்தார்கள், உஸ்தாத் பிழைத்தார். நம்பக்கூடிய கதைதான். ஆட்கள் வந்து சேர்வதற்குள் கூரையைத் தாங்கும் கழியைத் தட்டிவிட்டு நான் வெளியேறினால் மிச்சத்தைப் பனியே பார்த்துக்கொள்ளும்.

துளை வெளிவரை திறந்துவிட்டது; அதைப் பெரிதாக்க ஷீர்ஸாத் மண்டியிட்டு, தலையும் தோளும் நுழைத்துக் குடைந்துகொண்டிருந்தான். பாடிக்கொண்டும் இருந்தான். நான் என் பனிக்கோடரியை எடுத்தேன். அவன் மூச்சு வாங்கப் பின்னால் நகர்ந்தபோது பிடரியில் இறக்கினேன். கூர்முனை உள்ளே போய் எலும்பில் மாட்டிக்கொண்டது. காலை அவன் முதுகில் ஊன்றி இழுக்க வேண்டியிருந்தது. இரண்டாவது வெட்டு காதுக்குக் கீழே. அவன் திரும்பி என்னைப் பார்க்க முயன்றான். முகத்தில் கோபம் இல்லை, ஏதோ புரியாதவன்போலப் பார்த்தான். மூன்றாவது அந்தப் பார்வைக்காக. வாசல் பனி சிவந்து உருகி அவன் முழங்காலடியில் தேங்கியது.

மஹ்லகா அலறவில்லை. நான் அலறலை எதிர்பார்த்தேன். அவள் என்னைக் கடந்துபோய் அண்ணன் பக்கத்தில் குனிந்து, கழுத்துக் காயத்துக்குள் இரண்டு விரலை விட்டு ரத்தக்குழாயை அழுத்திப் பிடித்தாள். மறு கையால் தலையில் சுற்றியிருந்த துணியை உருவிச் சுருட்டித் திணித்தாள். "என்னைப் பாரு அண்ணா. கண்ண மூடாத. என்னைப் பாரு," என்று அடிக்குரலில் சொல்லிக்கொண்டே இருந்தாள். அவள் கை நடுங்கவில்லை, ஜனாப். துளிகூட நடுங்கவில்லை. நான் கொடுத்த வாக்கு என்று சொன்னேன் அல்லவா, அதுதான்.

அவன் கண் மூடியதும் அவள் விரலை எடுத்தாள். நான் கோடரியை ஓங்கினேன். அவள் இடது கையைக் குறுக்கே கொடுத்தாள். முன்கை எலும்பு இரண்டாக முறிந்த சத்தம் அந்தத் தகர அறையில் தெளிவாகக் கேட்டது. அடுத்த கணம் அடுப்பில் இருந்த கொதிநீர்ச் சட்டி என் முகத்தில் விழுந்தது. என் கண் தெரியாத நேரத்தில் அவள் மூலையில் கிடந்த அண்ணனின் பனிக்கோடரியை எடுத்து என் முழங்காலில் போட்டாள். நர்ஸ் என்பதால் எங்கே போட வேண்டும் என்று தெரிந்திருக்கிறது. நான் விழுந்தேன். அவள் அண்ணன் உடலின்மேல் ஏறித்தான் துளைக்குள் போக முடிந்தது; வேறு வழி இல்லை. ஊர்ந்து போய் அவள் காலைப் பிடித்தேன். பூட்ஸ் என் கையோடு வந்தது. அவள் போய்விட்டாள்.

ஒற்றைப் பூட்ஸோடும் முறிந்த கையோடும் அந்தச் சரிவில் இறங்கி மீட்புக்குழுவின் எதிரே போய் நின்றாளாம். வலது பாதத்தை எடுத்துவிட்டார்கள் என்று இங்கே காவலர் ஒருவர் சொன்னார். வருத்தம்தான். இடத்தை விட்டு நகராதே என்று ரேடியோவில் சொல்லியிருந்தார்கள், அவள் கேட்கவில்லை.

நான் ஷீர்ஸாத்தோடு உட்கார்ந்திருந்தேன். ரேடியோ பேசிக்கொண்டே இருந்தது. "பாட்டுக்காரரே, கேக்குதா? பக்கத்துல வந்துட்டோம். ஒரு பாட்டு எடுத்து விடுங்க, சத்தத்த வச்சு இடத்தக் கண்டுபிடிக்கிறோம்." நான் பொத்தானை அழுத்தி, அவர் ஓய்வெடுக்கிறார், நாங்கள் எல்லோரும் நலம் என்றேன். என் குரல் எவ்வளவு சீராக இருந்தது என்பதைப் பதிவில் நீங்களே கேட்டிருப்பீர்கள். பயந்த மனிதனின் குரலா அது?

இனி நீங்கள் எழுதியதைப் பார்க்கலாம். பேட்டரி, சரி. கேஸ் டப்பாக்கள், சரி. வெளியே கயிற்றில் நிறுத்தியது, சரி. ஷீர்ஸாத்தைத் திட்டமிட்டுக் கொன்றேன், அவன் தங்கையையும் கொல்ல முயன்றேன், சரி. சொஹ்ராப்பின் விரலையும் சேர்த்துக்கொள்ளலாம், எனக்கு ஆட்சேபம் இல்லை.

காலையில் என்னைத் தேடி மஹ்லகா வந்திருந்தது உங்களுக்குத் தெரியும்; நீங்கள்தான் கதவைத் திறந்துவிட்டீர்கள். ஊன்றுகோலைச் சுவரில் சாய்த்துவிட்டு, இப்போது நீங்கள் இருக்கும் நாற்காலியில்தான் உட்கார்ந்தாள். கொலைக்கு உயிர் கேட்பதா மன்னிப்பதா என்று நம் சட்டப்படி செத்தவன் குடும்பம் எடுக்க வேண்டிய முடிவைப் பெற்றோர் அவள் கையில் விட்டுவிட்டார்களாம்.

"உங்களத் தூக்குல போட்டுட்டா எங்க அண்ணன் எந்திரிச்சு வரப்போறதில்ல," என்றாள். "எனக்கு ஒண்ணே ஒண்ணு போதும். 'அன்னைக்கு நான் பயந்துட்டேன்'னு உங்க வாயால சொல்லுங்க. எங்க அம்மா அப்பா முன்னாடி, உங்ககிட்ட படிச்சவங்க முன்னாடி ஒரு தடவை. நான் கையெழுத்துப் போட்டுடறேன். நீங்க உயிரோட இருக்கலாம்."

"எதற்காக அது?" என்று கேட்டேன்.

"நீங்க பயந்தத எங்க அண்ணன் ஒரு தப்பாவே நெனக்கல. அதச் சொல்றது உசுரவிடப் பெருசில்லன்னு ஒருத்தராவது தெரிஞ்சுக்கட்டும்."

நல்ல பெண். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். யோசித்தும் பார்த்துவிட்டேன். என் வக்கீலும் அதே வரியைத்தான் எழுதச் சொல்கிறார். நீங்களும் இதோ கடைசியில் எழுதி வைத்திருக்கிறீர்கள், 'மிகுந்த அச்சத்தினால் நிலை தடுமாறி' என்று.

பேனாவைக் கொடுங்கள். எல்லாப் பக்கத்திலும் கையெழுத்துப் போடுகிறேன். தூக்குக் கயிறு என்றாலும் சரி, கயிறு எனக்குப் புதிதல்ல. அந்த ஒரு வரியை மட்டும் அடித்துவிடுங்கள், ஜனாப். எனக்குப் பயம் என்பதே கிடையாது.